மறுநாள் வெயிலில் எடுத்த படம்

சூலியா தெரு, பினாங்கு
3 செப்டம்பர் 1922, ஞாயிறு இரவு

அன்புள்ள ஷரீஃபா லாத்தாவுக்கு, தங்கை சுலைஹா எழுதுவது. அஸ்ஸலாமு அலைக்கும்.

நான்கு மாதமாக உனக்கு ஒரு வரிகூட எழுதவில்லை. அதற்காக நீ என்னைத் திட்டலாம். ஆனால் கடிதத்தைக் கடைசிவரை படித்துவிட்டுத் திட்டு.

வாப்பாவும் உம்மாவும் தூங்கிவிட்டார்கள். விளக்குத் திரியைக் குறைத்துவைத்து எழுதுகிறேன். எழுத்து கோணலாக இருந்தால் வெளிச்சம் போதவில்லை என்று எடுத்துக்கொள். துணி வெளுக்கும் நல்லம்மாள் காலையில் அழுக்கு மூட்டையோடு இதையும் எடுத்துப்போய்த் தபாலில் போடுவதாகச் சொல்லியிருக்கிறாள். நீயும் அவள் விலாசத்துக்கே எழுது. கடைக்கு வரும் கடிதம் எதுவாக இருந்தாலும் வாப்பா பிரித்துப் பார்த்துவிடுவார்.

நேற்று வாப்பா ஒரு பச்சை நோட்டீஸ் கொண்டுவந்தார். மே மாதம் நோன்பு நாளில் இளவரசர் நம் ஊருக்கு வந்தாரே, அதைப் படம் பிடித்தார்கள். அந்தச் சுருள் சீமைக்குப் போய்க் கழுவிப் பிரதி எடுத்துத் திரும்பி வந்துவிட்டதாம். வரும் பதினாறாம் தேதி சனிக்கிழமை பினாங்கு ரோட்டுப் படக் கொட்டகையில் காட்டுகிறார்கள். அசையும் படம். மனிதர்கள் நடப்பார்களாம், கை ஆட்டுவார்களாம்.

கப்பல் வந்து நிற்கும் ஜெட்டியில் வாப்பா இளவரசருக்கு மாலை கொடுத்தது அதில் வருகிறது. அதனால் இருபத்திரண்டு இடம் பிடித்துவிட்டார். யூசுப் மாமா வீடு முழுக்க வருகிறது. பெண்களுக்குப் பக்கத்தில் துணி கட்டித் தனி வரிசை கேட்டிருக்கிறார். ஜமாஅத் பெரியவர்களுக்கும் சொல்லி அனுப்பியிருக்கிறார். வாப்பா இவ்வளவு சந்தோஷமாக இருந்து நான் பார்த்ததில்லை. அத்தர் பூசிக்கொண்டு கடைக்குப் போகிறார்.

லாத்தா, அந்தப் படத்தில் நானும் இருக்கிறேன்.

என் முகத்துக்கு நேராக அந்தப் பெட்டியைத் திருப்பிக் கைப்பிடியைச் சுற்றினார்கள். எட்டு, ஒன்பது எண்ணும் நேரம் இருக்கும். பள்ளிக்கூடத்துத் தொப்பி போட்டிருந்தேன், முக்காடு இல்லை. கையில் காகிதக் கொடி.

எனக்குப் பன்னிரண்டு வயது ஆனபோது வாப்பா என்ன சொன்னார் என்று உனக்குத் தெரியும். திரை போட்ட ரிக்ஷாவில் போக வேண்டும், திரை போட்ட ரிக்ஷாவில் வர வேண்டும். "ஒரு அந்நிய ஆள் கண்ணுல நீ பட்டேன்னு என் காதுல விழுந்தா, அன்னையோட ஸ்கூல் முடிஞ்சுது" என்றார். ஒரு ஆளுக்கே அப்படிச் சொன்னவர், ஊரையே டிக்கெட் வாங்கிக் கூட்டிப்போகிறார்.

என்ன செய்வது என்று எழுது. சீக்கிரம் எழுது.

சுலைஹா


நிபோங் திபால்
6 செப்டம்பர்

சுலைஹாவுக்கு,

கடைசிவரை படித்தேன். இப்போது திட்டுகிறேன்.

நான்கு மாதம் லாத்தா நினைவு வரவில்லை. பயம் வந்ததும் வந்துவிட்டது. நல்லது.

எனக்குப் பத்து வயதில் பள்ளிக்கூடத்தை நிறுத்தினார்கள். ரொட்டி விற்கிறவன் ஒருவன் வாப்பாவிடம் வந்து, "உங்க பொண்ணு ஜன்னல்ல நின்னு சிரிச்சுது" என்று சொன்னான். யாரைப் பார்த்துச் சிரித்தேன் என்றுகூட யாரும் கேட்கவில்லை. நான் ஒரு குரங்காட்டியைப் பார்த்துச் சிரித்தேன். மறுநாளே என் சிலேட்டை எடுத்துக் கடைக்குக் கொண்டுபோய்விட்டார்கள். அதில் அரிசி விலை எழுதித் தொங்கவிட்டார்கள்.

கல்யாணத்துக்கு முன் உன் மச்சானை நான் பார்த்ததில்லை. மூத்த தாரம் இறந்துபோனவர், என்னைவிடப் பதினெட்டு வயது பெரியவர், ரப்பர் தோட்டத்துக்கு நடுவே மளிகைக் கடை. வேண்டாம் என்று நான் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. நிக்காஹ்வுக்கு முந்தின நாள் வாப்பாவிடம் ஒன்றே ஒன்று கேட்டேன். சுலைஹாவை நிறுத்தாதீர்கள் என்று கேட்டேன். அவர் உனக்குத் தந்த அனுமதி அவர் மனம் இரங்கித் தந்தது என்று நினைத்துக்கொண்டிருக்கிறாயா? நான் வாயை மூடிக்கொண்டு இந்த ஊருக்கு வந்ததற்கு அவர் தந்தது அது.

அதை நீ ஒரு காகிதக் கொடிக்குக் கொடுத்துவிட்டு வந்து நிற்கிறாய். இளவரசர் வந்த அன்று வீட்டை விட்டு இறங்கக் கூடாது என்று வாப்பா சொன்னாரா இல்லையா? நான் அன்று அங்கே இல்லாவிட்டாலும் எனக்குத் தெரியும், சொல்லியிருப்பார். உனக்கு அப்படி என்ன ஆசை? ஒரு வெள்ளைக்காரர் வண்டியில் போகிறதைப் பார்க்காவிட்டால் கண் அவிந்துவிடுமா?

காய்ச்சல் என்று சொல்லிப் படுத்துக்கொள் என்று எழுதலாம் என்று பார்த்தேன். நீ போகாவிட்டாலும் உன் முகம் அங்கே இருக்கும். எனக்கு வழி ஒன்றும் தெரியவில்லை. என் மேல் கோபப்படாதே, கோபப்படும் உரிமை இப்போது என்னிடம் இருக்கிறது.

ஷரீஃபா


சூலியா தெரு
10 செப்டம்பர், இரவு

லாத்தா,

உன் கடிதத்தை மூன்று முறை படித்தேன். நீ எனக்காகக் கேட்டது எனக்குத் தெரியாது. யாரும் சொல்லவில்லை. அதைத் தெரிந்துகொண்டு அழுதேன். ஆனால் அழுது முடித்ததும் எனக்கும் கோபம் வந்தது. நீயும் அந்த ரொட்டிக்காரன் சொன்னதைக் கேட்ட வாப்பா மாதிரியே, என்ன நடந்தது என்று கேட்காமல் எழுதியிருக்கிறாய்.

இளவரசர் வந்த அன்று நான் வீட்டை விட்டு இறங்கவில்லை. அன்று காலையிலிருந்து மழை. நானும் உம்மாவும் மாடி ஜன்னலை அடைத்துவிட்டு நோன்புக் கஞ்சிக்குப் பூண்டு உரித்துக்கொண்டிருந்தோம். பீரங்கிச் சத்தம் மட்டும் கேட்டது. என் வகுப்புப் பிள்ளைகள் எல்லாரும் போனார்கள். நான் போகவில்லை. வாப்பா சொன்னபடி இருந்தேன்.

மறுநாள் பளீரென்று வெயில். பள்ளிக்கூடத்தில் மிஸ், பதினான்கு பேரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு, கொடியைக் கையில் கொடுத்து, இரண்டு இரண்டு பேராக ஜெட்டிக்கு நடத்திக்கொண்டு போனார். நேற்று மழையில் படம் சரியாக விழவில்லையாம், இருட்டாக இருக்குமாம், அதனால் படம் பிடிக்கிறவர் எல்லாவற்றையும் இன்னொரு முறை செய்யச் சொல்கிறார் என்றார். இளவரசரின் கப்பல் அதற்குள் போய்விட்டது. ஜெட்டியில் கூட்டம் இல்லை. மூன்று காலில் நிற்கும் ஒரு பெட்டி, அதன் பின்னால் ஒரு வெள்ளைக்காரர், நாலைந்து கூலியாட்கள், அவ்வளவுதான்.

நான் என்ன நினைத்தேன் தெரியுமா? பார்ப்பதற்கு ஆள் இல்லை, அதனால் இது வாப்பா சொன்ன சட்டத்தில் வராது என்று நினைத்தேன். ஒரு பெட்டி பார்த்தால் அது ஊர் பார்ப்பது என்று எனக்கு எப்படித் தெரியும்? நான் பயாஸ்கோப்புக்கு ஒரு நாளாவது போயிருக்கிறேனா? நீ போயிருக்கிறாயா?

இப்போது சொல்லப்போவதை யாரிடமும் சொல்லாதே. மச்சானிடமும் சொல்லாதே.

எங்களைக் கிடங்கு வாசலில் அரிசி மூட்டைகளுக்குப் பின்னால் நிழலில் நிறுத்திவைத்தார்கள். எங்கள் முறை வர நேரமாகும் என்றார்கள். எட்டிப் பார்த்தேன். சிவப்புக் கம்பளம் விரித்திருந்தது. அதன் மேல் வாப்பா.

நீள அங்கி, துருக்கித் தொப்பி, கையில் வெள்ளித் தட்டு, தட்டில் மல்லிகை மாலை. வாப்பா நடந்து வந்து, கம்பளத்தின் முனையில் நின்று, தட்டை நீட்டிக் குனிந்தார். எதிரே இளவரசர் நிற்கவேண்டிய இடத்தில் துறைமுக ஆபீஸில் கணக்கு எழுதும் கிராணி பழனியப்பன் நின்றுகொண்டிருந்தார். வாப்பா கண் எந்த உயரத்தில் பார்க்கவேண்டும் என்பதற்காக அவரை அங்கே நிறுத்தியிருந்தார்கள். வெள்ளைக்காரர் சொல்வதை அவர்தான் தமிழில் சொன்னார்.

"முதலாளி, இன்னொரு தடவை. தலையை ரொம்பக் குனியாதீங்க, தொப்பிதான் தெரியுதாம்."

வாப்பா திரும்பப் போய் நடந்து வந்தார்.

"இன்னொரு தடவை முதலாளி. என்னைப் பார்த்து முறைக்காதீங்க லா! நான் இப்ப இளவரசரு. கொஞ்சம் பயபக்தியோட பாருங்க."

கூலியாட்கள் சிரித்தார்கள். வாப்பா சிரிக்கவில்லை. நான்கு முறை நடந்தார், நான்கு முறை குனிந்தார். நம் கடையில் கடன் கேட்டு வந்தால் வாசலில் நிற்கவைப்பாரே, அதே பழனியப்பனுக்கு. நோன்பு வாயோடு, அந்த வெயிலில். முடிந்ததும் மாலையைத் தட்டோடு ரிக்ஷாவில் வைத்துக்கொண்டு போய்விட்டார். என்னைப் பார்க்கவில்லை. அதற்கப்புறம்தான் எங்களைக் கூப்பிட்டார்கள்.

அன்று மாலை நோன்பு திறக்க யூசுப் மாமா வந்திருந்தார். பேரீச்சம்பழத்தை வாயில் போட்டுக்கொண்டே வாப்பா சொன்னார்: "நேத்து மழையில யாரும் கிட்டக்கூடப் போக முடியலை மச்சான். இளவரசர் என்னைக் கையைக் காட்டிக் கூப்பிட்டாரு. மாலையை வாங்கி, 'தேங்க் யூ'ன்னாரு."

நான் கஞ்சிக் கிண்ணத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். நான்கு மாதமாக உனக்கு எழுதாததற்கு அதுதான் காரணம். எழுத உட்கார்ந்தால் இதைத்தான் எழுதுவேன் என்று எனக்குத் தெரியும்.

சுலைஹா


நிபோங் திபால்
13 செப்டம்பர்

சுலைஹா,

உன் மேல் போட்ட பழியை எடுத்துக்கொண்டேன். கேட்காமல் எழுதியது தப்பு.

அடுப்படியில் நின்று படித்தேன். பழனியப்பன் இளவரசராக நின்றதைப் படித்துச் சிரித்தேன், உன் மச்சான் வந்து என்ன என்று கேட்டார், மிளகாய் நெடி என்று சொன்னேன். அவர் போனபிறகு எனக்கு வந்த கோபத்தில் கையில் இருந்த அகப்பையை எங்கே வீசினேன் என்று தெரியவில்லை, இன்னும் கிடைக்கவில்லை.

ஜன்னலில் சிரித்ததற்கு என்னை நிறுத்தியபோது வாப்பா என்ன சொன்னார் தெரியுமா? "நாலு பேர் பார்த்தா நம்ம மானம் என்ன ஆகுறது." அந்த மானம் நான்கு முறை நடந்து நான்கு முறை கிராணிக்குக் குனிந்திருக்கிறது. அதை இப்போது டிக்கெட் போட்டு ஊருக்குக் காட்டுகிறார். எனக்கு ஒரு குரங்காட்டியைப் பார்க்கக்கூட உரிமை இல்லாமல் போயிற்று.

கேள். படத்தில் உன்னை யாரும் கவனிக்காவிட்டால் நீ வாயைத் திறக்காதே. கவனித்துக் கேட்டால் உள்ளதைச் சொல். மறுநாள் போனேன், இளவரசர் இல்லை, வெறும் பெட்டிதான் இருந்தது என்று சொல். அது பொய் இல்லை. நீ சட்டத்தை மீறவில்லை. அதைச் சொன்னால் வாப்பா என்ன ஆவார் என்பது உன் கவலை இல்லை. அவர் அதை யோசித்திருக்கவேண்டும்.

பயப்படாதே என்று எழுதமாட்டேன். பயப்படு. பயந்துகொண்டே சொல்.

ஷரீஃபா


சூலியா தெரு
18 செப்டம்பர், இரவு

லாத்தா,

எல்லாம் முடிந்துவிட்டது. இன்று நான் பள்ளிக்கூடம் போகவில்லை. ரிக்ஷாக்காரரை வாப்பா காலையிலேயே திருப்பி அனுப்பிவிட்டார்.

கொட்டகையில் எங்களைச் சுற்றி மூன்று பக்கமும் வேட்டி கட்டியிருந்தார்கள். முன்பக்கம் மட்டும் திறப்பு. விளக்கை அணைத்தார்கள். முதலில் கப்பல் வந்தது. எல்லாம் கரிபிடித்த மாதிரி இருந்தது, கீறல் கீறலாக மழை. குடைகள். குடைகளுக்கு நடுவே ஒருவர் கை ஆட்டினார், அவர்தான் இளவரசர் என்றார்கள், முகம் தெரியவில்லை. அப்புறம் திடீரென்று வெளுத்துவிட்டது. வெயில். கம்பளத்தில் நிழல் கறுப்பாக விழுந்தது. வாப்பா நடந்து வந்தார்.

மழையில் இறங்கிய இளவரசர் வெயிலில் மாலை வாங்குகிறார். கொட்டகையில் இருநூறு பேருக்குக் குறையாது. ஒருவராவது கேட்கவில்லை. யூசுப் மாமா எழுந்து நின்றுவிட்டார்.

"பாருங்க லா! எங்க மச்சான்! என்னா கம்பீரம் பாருங்க!"

பின்னாலிருந்து யாரோ, "உக்காருங்க காக்கா, உங்க தலைதான் தெரியுது" என்று கத்தினார்.

வாப்பா தட்டை நீட்டியபோது ஓரத்தில் ஒரு கை மட்டும் வந்து மாலையைத் தொட்டது. எல்லாரும் கைதட்டினார்கள். "இளவரசர் கை, இளவரசர் கை" என்றாள் மாமி. அந்தச் சட்டையின் மணிக்கட்டில் மைக் கறை இருந்தது. பழனியப்பன் கை. நான் அதைப் பார்த்துக்கொண்டிருக்கும்போதே படம் மாறியது. என் முகம் வந்தது.

நம் வீட்டு வாசற்கதவு அளவுக்கு இருந்தது, லாத்தா. பல் தெரியச் சிரித்துக்கொண்டிருந்தேன். எனக்குப் பயந்தால் சிரிப்பு வரும், உனக்குத் தெரியும். உம்மா இருட்டில் என் தலையை இழுத்து முக்காட்டால் மூடினார். அங்கே அவ்வளவு பெரிதாக இருக்கும் முகத்தை விட்டுவிட்டு இந்தச் சின்ன முகத்தை மூடினார்.

"அது நம்ம சுலைஹா இல்லே?" என்று யூசுப் மாமா கேட்டது வேட்டிக்கு இந்தப் பக்கம் கேட்டது.

வீட்டுக்கு வந்ததும் கூடத்தில் நிற்கவைத்தார்கள். மாமா, மாமி, இரண்டு பெரியவர்கள், உம்மா. வாப்பா நாற்காலியில் உட்கார்ந்து தொப்பியை மடியில் வைத்துத் திருப்பிக்கொண்டிருந்தார். பேசியது எல்லாம் மாமாதான்.

"யாரைக் கேட்டுப் போனே? சொல்லு. அன்னைக்கு அவ்வளவு மழை, அந்த மழையிலயும் வீட்டை விட்டு ஓடிப்போய் ஊர்க்காரன் முன்னாடி பல்லைக் காட்டிருக்கே. எப்பப் போனே? உங்க உம்மா தூங்கும்போதா?"

உம்மா, "அன்னைக்கு இவ என்கூடத்தான் இருந்தா" என்று ஆரம்பித்தார். "நீ சும்மா இரு, படம் பொய் சொல்லுமா?" என்றார் மாமா.

நீ சொன்ன சொல் என் நாக்கில் இருந்தது. அல்லாஹ் மேல் ஆணை, இருந்தது. அப்போது வாப்பா நிமிர்ந்து என்னைப் பார்த்தார். படத்தில் என்னைப் பார்த்த நிமிஷமே அவருக்குத் தெரிந்திருக்கும், நான் எந்த நாள் அங்கே நின்றேன் என்பது. அவர் முகத்தில் கோபம் இல்லை. பயம் இருந்தது. வாப்பாவுக்குப் பயம் வரும் என்று எனக்குத் தெரியாது. அதைப் பார்க்க முடியவில்லை.

"அன்னைக்குத்தான் மாமா. இளவரசர் வந்த அன்னைக்குத்தான் போனேன். உம்மாவுக்குத் தெரியாது" என்று சொல்லிவிட்டேன்.

வாப்பா மூச்சை விட்டார். எனக்குக் கேட்டது. இனி அவர் என்னைக் காப்பாற்றுவார் என்று நினைத்தேன். சின்னப் பிள்ளை, தெரியாமல் போய்விட்டது என்று ஒரு வார்த்தை சொல்வார், மாமாவை அடக்குவார் என்று நினைத்தேன். அவர் தொப்பியைத் தலையில் வைத்துக்கொண்டு, பெரியவர்களைப் பார்த்து, "இனிமே இவளுக்கு ஸ்கூல் இல்லை. என் வீட்டுல சொன்ன சொல்லு சொன்னதுதான்" என்றார்.

பெரியவர்கள் தலையாட்டினார்கள். மாமி எனக்குத் தண்ணீர் கொடுத்தாள்.

நான் சொன்ன பொய்யில் அவர் நிமிர்ந்து உட்கார்ந்துகொண்டார். அதே பொய்க்கு என்னைத் தண்டித்தார். இதை எழுதும்போது பேனா முனை காகிதத்தைக் கிழிக்கிறது, பார்.

சுலைஹா


நிபோங் திபால்
21 செப்டம்பர்

சுலைஹா,

உன்னை அறையவேண்டும் போல இருக்கிறது. அப்புறம் அணைத்துக்கொள்ளவேண்டும் போல. இரண்டுக்கும் நடுவே ஆறும் ரயிலும் கடலும் இருக்கின்றன, நல்லதாகப் போயிற்று.

வாயில் வைத்திருந்ததை விழுங்கிவிட்டாயே. அவர் பயந்த முகத்தைப் பார்க்க முடியவில்லை என்கிறாய். நான் பத்து வயதில் பயந்து நின்றபோது அவரால் பார்க்க முடிந்தது.

அடுத்த ரயிலில் ஏறிவரத் துணியெல்லாம் கட்டினேன். உன் மச்சான் டிக்கெட்டுக்குச் சில்லறையை எடுத்து மேசையில் வைத்தார். அந்த மனிதரைப் பற்றி நான் முன்பு எழுதியதைக் கொஞ்சம் குறைத்துக்கொள். மூட்டையைக் கட்டி முடித்துவிட்டு மறுபடி அவிழ்த்தேன்.

நான் வரமாட்டேன். வந்தால் நான்தான் கத்துவேன். என் சிலேட்டைக் கேட்பேன், குரங்காட்டியைச் சொல்வேன், வாப்பாவும் பதிலுக்குக் கத்துவார், உம்மா அழுவார். கடைசியில் அது என் வழக்காகிவிடும். உன் படிப்பை யாரும் நினைக்கமாட்டார்கள்.

நீ பேசு. ஊரைக் கூட்டவேண்டாம். மாமாவும் மாமியும் இல்லாத நேரம் பார். வாப்பா ஒருவரிடம் பேசு. அழாதே. அழுதால் அவருக்குச் சுலபம்.

இதையும் பயந்து விட்டுவிட்டால் எனக்கு எழுதாதே. நான் கோபமாக எழுதவில்லை, உண்மையாகவே எழுதுகிறேன். இன்னொருத்தி நிறுத்தப்பட்ட கதையைப் படிக்க எனக்குத் தெம்பு இல்லை.

ஷரீஃபா


சூலியா தெரு
4 அக்டோபர், இரவு

லாத்தா,

எழுதலாம் என்று ஆகிவிட்டதால் எழுதுகிறேன்.

போன வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து வாப்பா சாப்பிட வந்தார். உம்மா மாமி வீட்டுக்குப் போயிருந்தார். நான்தான் சோறு வைத்தேன். பதின்மூன்று நாளாக அவர் என்னை நேராகப் பார்க்கவில்லை. மீன் குழம்பை ஊற்றிவிட்டு நின்றேன்.

"நான் பொய் சொன்னது உங்களுக்குத் தெரியும்ல வாப்பா?"

"குழம்புல உப்பு இல்லை. உப்பு எடுத்தா."

உப்பை எடுத்து வைத்தேன். பாதி கீழே சிந்தியது.

"தெரியும்ல? மறுநாள்தான் போனேன். மூட்டைக்குப் பின்னாடி நின்னேன். நாலு தடவையும் பார்த்தேன்."

அவர் பிசைந்த சோற்றை வாய்க்குக் கொண்டுபோகவில்லை.

"உன் லாத்தா எழுதிக் குடுத்தாளா?"

"இல்லை. என் கண்ணால பார்த்தேன்."

"நல்லம்மா கிட்டக் கடுதாசி போறது எனக்குத் தெரியாதுன்னு நினைச்சியா?"

அவருக்கு எவ்வளவு நாளாகத் தெரியும் என்று எனக்கு இன்றுவரை தெரியவில்லை. படித்தாரா என்பதும் தெரியவில்லை. ஓடிவிடலாம் என்று தோன்றியது. உன் கடைசி வரி நினைவு வந்தது, அதனால் ஓடவில்லை.

"வெளியில சொல்லிடுவேன்னு என்னை மிரட்டுறியா?" என்று கேட்டார்.

இல்லை வாப்பா என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். "ஆமா" என்று வந்தது.

அடிப்பார் என்று கண்ணை மூடிக்கொண்டேன். அடி விழவில்லை. திறந்து பார்த்தபோது தட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். அப்புறம் பேசினார், என்னிடம் பேசியது போலவே இல்லை. "மழையில விடிகாலையிலேருந்து நின்னேன். பேரு பட்டியல்ல இருக்குன்னாங்க. நாலாவது வரிசைக்குத் தள்ளிட்டாங்க. மாலை நனைஞ்சு நாறிப்போச்சு. யாரும் என்னைக் கூப்பிடலை. மறுநாள் அந்த வெள்ளைக்காரனுக்குக் குனியறதுக்கு ஒரு ஆள் வேணும்னு பழனியப்பன் வந்து கூப்பிட்டான். போனேன். போகாம இருந்திருக்கலாம்."

எனக்கு அவர் மேல் இரக்கம் வந்தது, லாத்தா. நீ பல்லைக் கடிப்பாய், ஆனாலும் வந்தது. கோபமும் அப்படியே இருந்தது, ஒரு துளி குறையவில்லை. என்னையும்தானே மழை நின்றபிறகு கூப்பிட்டார்கள். நானும்தானே போனேன். அவருக்கு அதற்கு இருபத்திரண்டு நாற்காலி, எனக்கு அடுப்படி.

இதை அவரிடம் சொன்னேன். இவ்வளவு ஒழுங்காகச் சொல்லவில்லை, திக்கித் திக்கிச் சொன்னேன். ஆனால் அழவில்லை.

"இப்ப என்ன செய்யச் சொல்றே?"

"திங்கக்கிழமை ரிக்ஷாவை வரச் சொல்லுங்க."

"உன் மாமனுக்கு நான் என்ன பதில் சொல்றது?"

"அது எனக்குத் தெரியாது வாப்பா."

சாப்பிடாமல் கையைக் கழுவிவிட்டுக் கடைக்குப் போய்விட்டார்.

அவர் என்ன பதில் சொன்னார் என்று ஞாயிற்றுக்கிழமை தெரிந்தது. மாமா கேட்டதற்கு, "படத்துல வந்த பிள்ளைங்களை ஸ்கூலை விட்டு நிறுத்தக் கூடாதுன்னு மேலிடத்து உத்தரவாம் மச்சான்" என்றார். "கவர்னர் ஆபீஸா?" என்று மாமா வாயைப் பிளந்தார். "அங்கேருந்துதான்" என்றார் வாப்பா. மாமா என் தலையைத் தடவி, நன்றாகப் படிக்கச் சொல்லிவிட்டுப் போனார். உண்மையைச் சொல்லி அனுப்பியிருந்தால் எனக்குப் போதும். மகள் படிக்கட்டும் என்று அவர் வாயால் ஒரு தடவை சொல்லியிருந்தால் போதும். அதைவிட அவருக்கு இன்னொரு பொய் சுலபமாக இருந்தது. அந்தக் கோபம் எனக்கு ரொம்ப நாளைக்கு இருக்கும்.

திங்கட்கிழமை ரிக்ஷா வந்தது. உம்மா திரையை இரண்டு மடிப்பாகக் கட்டினார். உள்ளே மூச்சு முட்டியது. போனேன்.

வகுப்பில் பிள்ளைகள் எல்லாரும் என்னைச் சுற்றிக்கொண்டு படத்தைப் பற்றியே கேட்டார்கள். இரண்டு வாரத்தில் அவர்கள் தசம பின்னத்தை முடித்துவிட்டு அடுத்த பாடத்துக்குப் போயிருந்தார்கள். பக்கத்தில் இருந்த பிள்ளையின் நோட்டை வாங்கிப் பார்த்து, இடைவேளையில் வெளியே போகாமல் படித்தேன். இன்று மாலையில் மிஸ் பத்துக் கணக்குக் கொடுத்தார். எனக்கு ஆறு சரியாக வந்தது. இத்தனை நாள் வராதவளுக்கு ஆறு பரவாயில்லை என்றார்.

எனக்குப் பரவாயில்லை என்பது போதாது. மற்ற நான்கையும் நாளைக்குத் திருத்திக்கொண்டு போகிறேன்.

சுலைஹா